அப்பீல் போட்டாச்சு

பெரம்பலூர் பாலக்கரைப் பக்கம், ஒரு செருப்புக் கடைக்கு மேல்மாடியில் அய்யம்பெருமாளின் அலுவலகம் இருந்தது. போர்டில் 'வரி ஆலோசகர்' என்றுதான் எழுதியிருந்தது. ஆனால் படியேறி வருகிறவர்கள் எல்லோரும் அவரை ஆடிட்டர் என்றே கூப்பிட்டார்கள். அவர் பி.காம். படித்தவர், ஜிஎஸ்டி வேலை பார்ப்பதற்கான தேர்வையும் எழுதியவர். ஆடிட்டர் படிப்பு மட்டும் படிக்கவில்லை. ஆரம்பத்தில் ஒன்றிரண்டு பேரிடம் திருத்திச் சொல்லிப் பார்த்தார். அப்புறம் அதையும் விட்டுவிட்டார். கேட்க நன்றாகத்தான் இருந்தது.

அப்படிக் கூப்பிடுகிறவர்களில் ஒருத்தி கொளஞ்சி. அரியலூருக்கு அந்தப் பக்கம் ரெட்டிபாளையத்தில் ஹாலோ பிளாக் பட்டறை வைத்திருந்தாள். புருஷன் வீரமுத்து ஆரம்பித்தது. அவன் மாரடைப்பில் போய் ஐந்து வருஷமாகிறது. பட்டறையை விற்றுவிடு என்று சொன்னவர்கள் எல்லோருக்கும் தலையை ஆட்டிவிட்டு, மறுநாள் காலையில் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கலவை மெஷின் பக்கத்தில் போய் நின்றவள் அவள். இப்போது ஒன்பது பேர் அவளிடம் வேலை செய்கிறார்கள்.

அவளுக்கு வந்த வினை அவள் செய்தது அல்ல. ஜெயங்கொண்டத்தில் ஒரு வியாபாரியிடம் இரண்டு வருஷம் சிமெண்ட் வாங்கினாள். பில் போட்டு, வரியும் சேர்த்துத்தான் அவன் பணம் வாங்கினான். வாங்கிய வரியை அவன் அரசாங்கத்துக்குக் கட்டவில்லை. கடையை மூடிக்கொண்டு எங்கோ போய்விட்டான். சிமெண்டோடு கொடுத்த வரியை, தான் கட்ட வேண்டிய வரியில் அவள் கழித்திருந்தாள்; அதைத் திருப்பிக் கட்ட வேண்டும் என்று கொளஞ்சிக்கு நோட்டீஸ் வந்தது. வட்டி, அபராதம் எல்லாம் சேர்த்துப் பதினோரு லட்சம்.

நோட்டீஸ் வந்தது அய்யம்பெருமாளின் மெயிலுக்கு. பதிவு செய்யும்போதே எல்லாக் கட்சிக்காரர்களுக்கும் தன் மெயிலையும் தன் போன் நம்பரையும்தான் அவர் கொடுத்திருந்தார். அது வசதி. கொளஞ்சிக்குப் போன் போட்டுச் சொன்னார். அவள் அடுத்த நாளே இரண்டு வருஷத்துப் பில்லையும் ஒரு மஞ்சள் பையில் அடைத்து எடுத்துக்கொண்டு பஸ் ஏறி வந்தாள். "ஒண்ணுகூட விடலீங்க சார், எண்ணிப் பாத்துக்கங்க" என்றாள். பை மேஜைக்கு அடியில் போயிற்று.

அது மார்ச் மாதம். கணக்கு முடிக்கிற அவசரம். பதில் போட ஒரு மாதம் இருக்கிறதே என்று நினைத்தார். ஒரு மாதம் போயிற்று. வைகாசியில், பதில் வராததால் பதினோரு லட்சமும் கட்ட வேண்டியதே என்று ஆணை வந்தது.

அதை அவர் பார்க்காமல் இருந்திருந்தால்கூட மனசுக்கு ஒரு சமாதானம் இருந்திருக்கும். பார்த்தார். ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு, டீ குடித்துக்கொண்டே முழுசாகப் படித்தார். அப்பீல் போட மூன்று மாதம் அவகாசம். ஆணையைச் சொன்னால், நோட்டீசுக்குப் பதில் போடாததையும் சொல்ல வேண்டி வரும். அடுத்த வாரம் சொல்லிக்கொள்ளலாம் என்று கம்ப்யூட்டரை மூடினார். அடுத்த வாரம் வந்தபோது சொல்வது இன்னும் கொஞ்சம் கஷ்டமாகியிருந்தது. இப்படி ஒவ்வொரு வாரமும்.

ஆடி மாதத்தில் கொளஞ்சியே கூப்பிட்டாள். பின்னால் கலவை மெஷின் ஓடுகிற சத்தம் கேட்டது.

"சார், அந்த நோட்டீஸ் சமாச்சாரம் என்னாச்சுங்க? ஒண்ணும் சொல்லலியே."

எதிரே வேறு ஒரு கட்சிக்காரர் உட்கார்ந்திருந்தார். அய்யம்பெருமாள் யோசிக்கவே இல்லை.

"அப்பீல் போட்டாச்சும்மா. அது நிலுவையில இருக்கற வரைக்கும் ஒருத்தரும் உங்ககிட்ட ஒத்தப் பைசா கேக்க முடியாது. நீங்க நிம்மதியா வேலையப் பாருங்க."

"உங்கள நம்பித்தான் சார் இருக்கேன்" என்று அவள் போனை வைத்தாள்.

அன்றைக்கே உட்கார்ந்து போட்டிருக்கலாம். இன்னும் மூன்று வாரம் மிச்சமிருந்தது. சொன்ன பொய்யை நிஜமாக்கிவிடலாம் என்றுதான் நினைத்தார். ஆனால் அந்தப் பொய்யைச் சொன்ன பிறகு, அவள் ஃபைலை எடுத்தாலே கை கூசிற்று. கீழே வைத்துவிட்டு வேறு ஃபைலை எடுப்பார். மூன்று வாரமும் அப்படியே போனது.

ஆவணி கடைசியில் ஒரு வெள்ளிக்கிழமை, ஆட்களுக்கு வாரக் கூலி எடுக்க கொளஞ்சி பேங்குக்குப் போனாள். கணக்கு முடக்கப்பட்டிருக்கிறது என்று சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். வரித்துறையிலிருந்து கடிதம் வந்திருக்கிறதாம். அவள் யாரோடும் சண்டை போடவில்லை. நேராகப் பெரம்பலூர் பஸ் ஏறி, மத்தியானம் இரண்டு மணிக்கு மாடிப்படி ஏறி வந்து நின்றாள்.

"நம்ம அப்பீலப் பத்தி அவங்களுக்குத் தெரியல போலருக்கு சார். நீங்க ஒரு எட்டு வந்து சொல்லிட்டீங்கன்னா போதும்."

வர முடியாது என்று சொல்ல வாய் வரவில்லை. திங்கட்கிழமை இரண்டு பேரும் அரியலூர் வணிகவரி அலுவலகத்தில் போய் நின்றார்கள். அதிகாரி ஒரு பெண். அய்யம்பெருமாளைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது சின்னவர். கம்ப்யூட்டரில் பார்த்துவிட்டு கொளஞ்சியிடமே நேராகச் சொன்னார்.

"அப்பீல் போட்டிருந்தா நாங்க வசூலுக்கே வந்திருக்க மாட்டோம்மா. வரியில பத்துல ஒரு பங்கக் கட்டி அப்பீல் போட்டா, முடிவு தெரியற வரைக்கும் மீதிய நாங்க தொடவே கூடாது. அதான் சட்டம். உங்க பேர்ல அப்பீலே இல்லியே?"

"இருக்குதுங்க மேடம்" என்றாள் கொளஞ்சி. "எங்க ஆடிட்டர் சார் ஆடி மாசமே போட்டுட்டாரு. இவரு அப்பிடி அசால்ட்டா விடற ஆளு கெடையாதுங்க. கம்ப்யூட்டர்ல இன்னொரு தடவ நல்லாப் பாருங்க."

"பத்துல ஒரு பங்கு பணம் கட்டினீங்களாம்மா?"

கொளஞ்சி அய்யம்பெருமாள் பக்கம் திரும்பினாள். "கட்டணுமா சார்? நீங்க சொல்லலியே."

அந்த அறையில் மூன்று பேர்தான் இருந்தார்கள். அய்யம்பெருமாளுக்கு ஊரே கூடி நிற்கிற மாதிரி இருந்தது. முகமெல்லாம் எரிந்தது.

"சர்வர்ல... சப்மிட் ஆகாம நின்னுருக்கும் போல மேடம்" என்றார்.

அதிகாரி அவரைப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இல்லை, இருந்திருந்தால் தேவலை. இந்த மாதிரி ஆட்களை அவர் நிறையப் பார்த்திருக்கிறார் என்பது தெரிந்தது. "மூணு மாசம் முடிஞ்சுபோச்சு. அதுக்கு மேல ஒரு மாசம் சலுகை உண்டு, அதுல இன்னும் பதினெட்டு நாள் இருக்கு. தாமதத்துக்குக் காரணம் எழுதி மனுவோட போடலாம். அதையும் தாண்டிட்டா யாராலயும் ஒண்ணும் பண்ண முடியாது, பாத்துக்கங்க" என்று சொல்லிவிட்டு அடுத்த ஃபைலை எடுத்தார்.

வெளியே சுண்ணாம்புக்கல் லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாகப் போய்க்கொண்டிருந்தன. கொளஞ்சி தூசிக்கு முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டு நின்றாள். அவள் என்ன கேட்கப்போகிறாளோ என்று அவர் காத்து நின்றார். அவள் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"எவ்வளவு கட்டணும்?"

அப்பீல் மனுவை அவர் இரண்டே நாளில் எழுதி முடித்தார். நன்றாகவே எழுதினார். வாங்கினவள் வரி கொடுத்ததற்கு ஒவ்வொரு பில்லும் சாட்சி என்று மஞ்சள் பையிலிருந்த எல்லாவற்றையும் வரிசைப்படுத்தினார். வேலை தெரியாத ஆளில்லை அவர். தடுக்கி நின்றது ஒரே இடத்தில். தாமதத்துக்கு என்ன காரணம்?

உண்மையான காரணம் ஒன்றுதான் இருந்தது. அதை எழுதினால் தன் பெயர் அதிகாரி மேஜைக்குப் போகும், விசாரணை வரும், பெரம்பலூர் முழுக்கப் பரவும். எல்லா ஆலோசகர்களும் இந்த மாதிரி இடத்தில் கட்சிக்காரர் மேல்தான் போடுவார்கள். அது வழக்கம். படிக்கிற அதிகாரிக்கும் அது வழக்கம் என்று தெரியும். அப்படித்தான் தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். மனுதாரர் எழுத்தறிவில்லாத பெண். ஆணை பற்றி ஆலோசகர் பலமுறை தெரிவித்தும், அலட்சியத்தால் உரிய காலத்தில் வரத் தவறிவிட்டார். இதை ஆங்கிலத்தில் பிரமாணப் பத்திரமாக அடித்தார்.

கொளஞ்சி பணத்தோடு வந்தாள். காதில் தோடு இல்லை. ஓட்டை தூர்ந்துவிடாமல் இருக்க வேப்பங்குச்சி செருகியிருந்தாள். அய்யம்பெருமாள் பார்வையைக் கீழே போட்டுக்கொண்டு, "பாதிய நான் போட்டுக்கறேம்மா" என்றார்.

"எதுக்கு சார்? எம்மேல வந்த வழக்கு. நானே கட்டறேன்."

காகிதங்களை நீட்டினார். எந்த இடம், எந்த இடம் என்று கேட்டுக் கேட்டு, ஒவ்வொரு பக்கத்திலும் நிறுத்தி நிதானமாகக் கையெழுத்துப் போட்டாள். பிரமாணப் பத்திரம் வந்தபோது, "இது என்னங்க?" என்றாள்.

"லேட்டானதுக்கு ஒரு ஃபார்மாலிட்டிம்மா."

போட்டாள்.

அதற்குப் பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. பணம் கட்டி, அப்பீல் பதிவானது. ரசீதை எடுத்துக்கொண்டு அரியலூருக்குப் போனார்கள். அந்தப் பெண் அதிகாரி பார்த்துவிட்டு, வசூலை நிறுத்தி வைப்பதாகவும் கணக்கை விடுவிக்கும்படியும் பேங்குக்கு எழுதினார். அடுத்த வாரக் கூலியை கொளஞ்சி பேங்கிலிருந்தே எடுத்துக் கொடுத்தாள். அந்த மாதக் கடைசியில் வரதராஜன்பேட்டையில் இருக்கிற பிறந்த வீட்டுக்குப் போய் வந்தவள், ஒரு கிலோ முந்திரிப்பருப்பைக் கொண்டுவந்து மேஜையில் வைத்துவிட்டுப் போனாள். வீட்டில் மனைவி சத்யா அதை வறுத்து வைத்தாள். "நீங்க ஒண்ணுகூட எடுத்துக்கலியே, பல்லு வலியா?" என்று கேட்டாள். ஆமாம் என்றார்.

மார்கழியில் திருச்சியில் விசாரணை. தாமதத்தை ஏற்பதா வேண்டாமா என்று முடிவு செய்ய, மனுதாரரையும் கூட்டிக்கொண்டு வரச் சொல்லியிருந்தார்கள். அய்யம்பெருமாள் அதை எதிர்பார்க்கவில்லை. வழக்கமாக ஆலோசகர் போனால் போதும். கொளஞ்சி அரியலூரிலிருந்து நேராக வந்து வாசலில் காத்திருந்தாள். நல்ல சேலை கட்டியிருந்தாள்.

மேல்முறையீட்டு அதிகாரி வயதானவர், ஓய்வு பெறப்போகிறவர். பத்திரத்தை எடுத்துப் படித்துவிட்டு, கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து, தமிழில் சொன்னார்.

"இந்தம்மாவுக்குப் படிப்பறிவு கெடையாது. ஆலோசகர் பல தடவ போன்ல சொல்லியும் அலட்சியமா இருந்துட்டாங்க. அதனாலதான் லேட்டு. இப்பிடி எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கீங்க. அப்பிடித்தானம்மா?"

கொளஞ்சி மெதுவாகத் தலையைத் திருப்பி அய்யம்பெருமாளைப் பார்த்தாள். அவர் கையிலிருந்த காகிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாயைத் திற, வாயைத் திற என்று உள்ளே ஏதோ அடித்துக்கொண்டது. பத்திரம் பொய் என்று சொன்னால் மனுவை அங்கேயே தள்ளிவிடுவார்கள், வசூல் மறுபடி ஆரம்பிக்கும், கெடுவது அவள்தான் என்று ஒரு நியாயமும் உடனே வந்து நின்றது. அதில் பொய் ஒன்றுமில்லை. ஆனால் அவர் பேசாமல் இருந்ததற்குக் காரணம் அது இல்லை என்பது அவருக்குத் தெரியும்.

"ஆமாங்கய்யா" என்றாள் கொளஞ்சி. கையைக் கூப்பினாள். "அலட்சியமா இருந்துட்டேன். மன்னிச்சுக்கங்க."

"இனிமே இப்பிடி இருக்காதீங்கம்மா. அவங்க எல்லாம் உங்க நல்லதுக்குத்தான சொல்றாங்க."

"சரிங்கய்யா."

இரண்டு பேரும் பஸ் ஸ்டாண்டுக்கு வந்தார்கள். அரியலூர் பஸ் ஒரு பக்கம், பெரம்பலூர் பஸ் ஒரு பக்கம். ஏறப் போனவள் நின்று திரும்பினாள்.

"நான் எட்டாவது வரைக்கும் படிச்சவ சார். தமிழ்ல எழுதியிருந்தீங்கன்னா படிச்சிருப்பேன்."

சொல்லிவிட்டு ஏறிவிட்டாள். பெரம்பலூர் பஸ்ஸில் அவருக்கு ஜன்னலோரம் இடம் கிடைத்தது. அன்று வெள்ளிக்கிழமை, சிறுவாச்சூரில் கோயிலுக்கு வந்த கூட்டம் ரோட்டை அடைத்திருந்தது. பஸ் ஊர்ந்தது. பக்கத்தில் இருந்தவர் அம்மன் கோயில் பக்கம் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். அய்யம்பெருமாள் கையைத் தூக்கவில்லை. தூக்கத் தைரியம் வரவில்லை.

பத்து நாள் கழித்து, தாமதத்தை மன்னித்து அப்பீலை ஏற்றுக்கொண்டதாக ஆணை வந்தது. போனில் சொல்லியிருக்கலாம். அதைப் பிரிண்ட் எடுத்துக்கொண்டு ரெட்டிபாளையத்துக்கே பஸ் ஏறினார்.

பட்டறையில் கொளஞ்சி ஹோஸ் பிடித்து, அடுக்கி வைத்திருந்த கல்லுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தாள். அவரைப் பார்த்ததும் ஹோஸை ஒரு ஆள் கையில் கொடுத்துவிட்டு வந்தாள். பிளாஸ்டிக் நாற்காலியைத் துடைத்துப் போட்டாள். அவர் உட்காரவில்லை. ஆணையைக் கொடுத்துவிட்டு, நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். நோட்டீசுக்குப் பதில் போடாதது, வைகாசியில் ஆணையைப் படித்தது, ஆடியில் சொன்ன பொய். சொல்லச் சொல்ல குரல் தேய்ந்து, கடைசி வார்த்தைகள் மெஷின் சத்தத்தில் கேட்டிருக்குமா என்றே தெரியவில்லை.

"அது எனக்கு அப்பவே தெரியும் சார்" என்றாள் அவள். "பணம் கட்டினீங்களான்னு அந்த மேடம் கேட்டாங்களே, அப்பவே."

"பெறகு ஏம்மா ஒண்ணும் கேக்கல?"

"கேட்டா என்ன பண்ணுவீங்க? போன எடுக்காம இருந்துட்டீங்கன்னா? பதினெட்டு நாளுல நான் யாரைத் தேடிப் போவேன்? ஒம்போது பேருக்குக் கூலி குடுக்கணுங்க." ஈரக் கையை முந்தானையில் துடைத்தாள். "மறந்துட்டீங்க, பயந்துட்டீங்க. மனுசன்னா அப்பிடித்தான்னு விட்டுட்டேன். ஓடியாடி முடிச்சும் குடுத்தீங்க. அதுக்குத்தான் முந்திரி கொண்டாந்தேன். ஆனா அந்தப் பேப்பர நீட்டுனப்ப ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல? 'கொளஞ்சி, எம்பேரு கெட்டுரும், ஒம்பேர்ல போட்டுக்கறேன்'னு கேட்டிருந்தா, போட்டுக்கங்கன்னு நானே சொல்லியிருப்பேன். எனக்குத் தெரியாமயே என்னக் கூறுகெட்டவளாக்கி, எங்கிட்டயே கையெழுத்தும் வாங்கிட்டீங்க."

அய்யம்பெருமாள் நாற்காலியில் உட்கார்ந்தார். வேலையாட்கள் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள்.

"நான் என்னம்மா செய்யணும்?"

"இப்ப உண்மைய எழுதிக் குடுத்தா இந்த ஆர்டர் போயிடுமா?"

அவர் யோசித்தார். முதல்முறையாகத் தன்னைப் பற்றி நினைக்காமல் யோசித்தார். "போகாதுன்னு நெனைக்கறேன். தப்பு எம்மேலன்னா அதுவும் தாமதத்துக்கு ஒரு காரணந்தான். ஆனா உறுதியாச் சொல்ல முடியாது. ஒங்க கையெழுத்தும் அதுல இருக்கு. எதுக்கும் வேற ஒரு வக்கீலக் கேட்டுக்கங்க. எனக்கு விளக்கம் கேட்டு மெமோ வரும்."

"அது உங்க பாடு."

அவள் மறுநாளே அரியலூரில் ஒரு வக்கீலைப் பார்த்துக் கேட்டுக்கொண்டாள். எழுதலாம், ஆங்கிலப் பத்திரம் உங்களுக்குப் படித்துக் காட்டப்படவில்லை என்பதையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள் என்றார் வக்கீல். அய்யம்பெருமாள் தமிழிலேயே ஒரு பக்கம் எழுதி எடுத்துக்கொண்டு மறுபடி ரெட்டிபாளையம் போனார். கொளஞ்சி அதை வாங்கி, வெளிச்சத்துக்குப் பிடித்து, உதடு அசைய ஒவ்வொரு வரியாகப் படித்தாள். ஒரு இடத்தில் விரலை வைத்தாள்.

"இதென்ன, 'கவனக்குறைவால்'னு போட்டிருக்கீங்க? ஆர்டர நீங்க படிச்சீங்கல்ல?"

அவர் அதை அடித்துவிட்டு, 'தெரிந்தும்' என்று எழுதினார். அவர் கையெழுத்துப் போட்ட பிறகு அவளும் கீழே போட்டாள்.

"தைக்கு மேல கணக்க அரியலூர்லயே பாத்துக்கறேன் சார். ஃபைல எடுத்து வைங்க, ஆளு விடறேன்" என்றாள். பிறகு அவருக்கு டீ வரவழைத்தாள். அந்த டீயைக் குடிப்பதற்குள் அவருக்குப் போதும் போதுமென்று ஆகிவிட்டது.

அந்தக் கடிதம் திருச்சிக்குப் போனது. அப்பீல் ஏற்றுக்கொண்டது ஏற்றுக்கொண்டதாகவே நின்றது. அது இன்னும் நிலுவையில்தான் இருக்கிறது. கொளஞ்சியின் கணக்கை அதன்பின் யாரும் தொடவில்லை. அய்யம்பெருமாளுக்கு மெமோ வந்தது. சாக்குச் சொல்லாமல் நாலு வரியில் பதில் எழுதினார். உரிமத்தை என்ன செய்வார்கள் என்று இன்னும் தெரியாது. சத்யாவிடம் எல்லாவற்றையும் சொன்னார். அவள், "அந்தம்மா காதுத் தோட்ட மீட்டுட்டாங்களா?" என்று மட்டும் கேட்டாள். அது அவருக்குத் தெரியவில்லை. கேட்டுத் தெரிந்துகொள்ளவும் முகமில்லை.

ஃபைலை வாங்க ஆள் வந்துபோன அன்று, அவர் கதவைச் சாத்திக்கொண்டு, நாற்பத்தியொரு கட்சிக்காரர்களின் கணக்கையும் ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தார். முப்பத்தேழாவது ஆள், குன்னம் பக்கம் மின்சாமான் கடை வைத்திருக்கிற முத்துவேல். மூன்று வாரத்துக்கு முந்தைய நோட்டீஸ் ஒன்று திறக்கப்படாமல் கிடந்தது. பதில் போட இன்னும் ஒன்பது நாள் இருந்தது. ஒரே நாளில் போட்டுவிடலாம். முத்துவேலுக்குத் தெரியவே தெரியாது.

அய்யம்பெருமாள் போனை எடுத்தார்.

"முத்துவேலுங்களா? அய்யம்பெருமாள் பேசறேன். எங்கிட்ட ஒரு தப்பு நடந்துபோச்சுங்க. நாளைக்கு நேர்ல வர முடியுமா?"

"என்ன ஆடிட்டர் சார், என்னாச்சு?"

"நான் ஆடிட்டர் இல்லீங்க" என்றார் அவர். "வாங்க, எல்லாம் சொல்றேன்."